செத்தவன் எழுந்து கும்பிடும் மேடை

நான் வேலை பார்க்கும் ஜெர்மன் ஊரில் நாடகக் கொட்டகைக்குள் மிட்டாய்க் காகிதத்தைப் பிரிக்கக்கூடாது. சட்டம் ஒன்றும் கிடையாது. பிரித்துப் பாருங்கள், தெரியும். முன்வரிசையிலிருந்து பின்வரிசைவரை அத்தனை தலைகளும் திரும்பும். இருமல் வந்தால்கூட அடக்கி வைத்துக்கொண்டு, ஒரு காட்சி முடிந்து விளக்கு அணையும்போது எல்லாரும் சேர்ந்து இருமுகிறார்கள். முதல் தடவை அந்தக் கூட்டு இருமலைக் கேட்டபோது, நர்ஸ் புத்தி, ஏதோ தொற்று பரவிவிட்டது என்று பயந்தே போனேன்.

நான் முதியோர் இல்லத்தில் நர்ஸ். நாடகம் பார்க்கிற ஆசையில் அங்கே போகவில்லை. ஃப்ராவ் மைண்ட்ஸ் என்ற பாட்டி சக்கர நாற்காலியில் இருப்பவர், நாடகம் என்றால் உயிரை விடுவார். வண்டியைத் தள்ள ஆள் வேண்டும். தள்ளிக்கொண்டு போனவள் உட்கார்ந்து பார்த்தேன், அவ்வளவுதான். அந்தக் கொட்டகைக்கு ஸ்டாட்தியேட்டர் என்று பெயர். ஊர் நிர்வாகமே நடத்துகிறது. நம் திண்டுக்கல் மாநகராட்சி குடிதண்ணீர், சாக்கடை, தெருவிளக்கு ஆகியவற்றோடு சேர்த்து மாதச் சம்பளத்துக்கு நாடகக்காரர்களையும் வைத்திருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். சிரிக்கிறீர்கள், இல்லையா? தண்ணீர் என்றைக்கு வரும் என்று குடத்தோடு காத்திருக்கிறவர்கள் சிரிக்கத்தான் செய்வீர்கள். நானும் சிரித்தேன்.

என் ஊர் திண்டுக்கல்லில் இருந்து தாடிக்கொம்பு போகிற ரோட்டில் இருக்கிறது. சர்ச் திருவிழாவில் தேர் முடிந்த மறுநாள் நாடகம். எங்கள் நாடகத்துக்கு அரசாங்கமும் கிடையாது, டிக்கெட்டும் கிடையாது. பிடித்திருந்தால் மேடையேறி நடிகரின் சட்டையில் ரூபாய் நோட்டை ஊக்கால் குத்த வேண்டும். குத்தியவர் பெயரை மைக்கில் சொல்ல வேண்டும். அதற்காக நாடகம் நிற்கும். அழுதுகொண்டிருக்கிற கதாநாயகி அழுகையை நிறுத்திவிட்டுக் காத்திருப்பாள். சண்டை போடுகிற இரண்டு பேர் வாளை இறக்கிவிட்டுக் காத்திருப்பார்கள். மைக் எங்கள் சூசை பெரியப்பாவிடம் இருக்கும். "இந்தக் கதாபாத்திரத்தின் நடிப்பைப் பாராட்டி, அய்யலூர்ச் சந்தை ஆட்டு வியாபாரி..." என்று அவர் இழுத்து ஆரம்பித்தால், அந்த வியாபாரியின் ஊர், தகப்பன் பெயர், மச்சான் பெயர் எல்லாம் வந்துதான் முடியும். நடிகர் மேடை நுனிக்கு வந்து கும்பிட வேண்டும். செத்துக் கிடக்கிற பாத்திரத்துக்கு நோட்டுக் குத்தினாலும் செத்தவன் எழுந்து வந்து கும்பிட்டுவிட்டுத் திரும்பப் போய்ச் சாக வேண்டும். இதில் யாருக்கும் விகல்பமே தோன்றாது. சில பேர் பெருந்தன்மையாக, "என் பேரெல்லாம் வேண்டாம்" என்பார்கள். அவர்கள் பெயரைப் பெரியப்பா இரண்டு தடவை சொல்வார்.

என் தம்பி அருள் பள்ளிக்கூட வயதிலிருந்தே இந்த மேடையில் செத்துச் செத்து எழுந்தவன். இப்போது அவனுக்கென்று ஒரு குழு வைத்திருக்கிறான். பூட்டுப் பட்டறையில் வேலை பார்க்கிறவன், மார்க்கெட்டில் வெங்காய மூட்டை தூக்குகிறவன், பஸ் கண்டக்டர் ஒருவன் என்று ஏழெட்டுப் பேர். அவன் பெண்டாட்டி செல்விதான் எல்லா நாடகத்துக்கும் நாயகி.

இந்த ஊரில் வளர்ந்த நான் ஸ்டாட்தியேட்டரில் முதல் நாள் என்ன செய்திருப்பேன்? ஒரு கிழவர் நடித்தார். மகனைப் பறிகொடுத்தவர். பாஷை முக்கால்வாசி புரியவில்லை, ஆனால் கண்ணைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தேன். நல்லா நடிக்கிறவனுக்குக் கொடுக்காமல் உட்கார்ந்திருந்தால் எங்கள் ஊரில் கஞ்சப் பிசினாறி என்பார்கள். பையிலிருந்து ஐந்து யூரோ நோட்டு ஒன்றை எடுத்தேன். வளையலில் எப்போதும் இரண்டு ஊக்குத் தொங்கும், அதில் ஒன்றைக் கழற்றினேன். நடைபாதையில் இறங்கி, மேடைப் படியில் கால் வைத்துவிட்டேன். அந்தக் கிழவர் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே! கையில் ஊசியோடு ஒரு கறுப்புப் பெண் வருகிறாள். மனிதர் ஓரடி பின்னால் போனார். வாசலில் நின்ற பெண் ஓடிவந்து என் தோளைப் பிடித்து, குழந்தையைக் கூட்டிக்கொண்டு போகிற மாதிரி இடத்தில் கொண்டுவந்து உட்கார வைத்தாள். என் காது இரண்டும் எரிந்தன.

ஃப்ராவ் மைண்ட்ஸ் வெளியே வந்ததும் கேட்டார், "எதற்குப் பணம்?"

"நன்றாக நடித்தார், அதற்கு" என்றேன்.

"அதுதான் கொடுத்தாயிற்றே. நான் கொடுத்தேன், நீயும் கொடுத்தாய், அதோ அந்த ரொட்டிக் கடைக்காரரும் கொடுத்தார். வரியில்."

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. ராத்திரி பகல் பார்க்காமல் பீ மூத்திரம் அள்ளி நான் வாங்குகிற சம்பளத்தில், என்னைக் கேட்காமல் எடுத்து, பாஷை புரியாத நாடகத்துக்குக் கொடுக்கிறார்களா? பஸ்ஸில் வரும் வழியெல்லாம் மனசுக்குள் திட்டிக்கொண்டே வந்தேன். வீட்டுக்கு வந்து கஞ்சியைச் சூடு பண்ணும்போதுதான் இன்னொன்று உறைத்தது. நாடகம் நிற்கவே இல்லை. ஆரம்பித்தார்கள், முடித்தார்கள். நடுவில் ஒரு பயல் பெயரும் வரவில்லை. கொடுத்தவர்கள் ஊர் முழுக்க இருக்கிறார்கள், ஒருத்தருக்கும் அந்தக் கிழவர் எழுந்து கும்பிடவில்லை. அப்படியே அருளுக்குப் போன் போட்டேன்.

"ஒருக்காக்கூட நிக்கலையா யக்கா?" என்றான். பிறகு அவனே சொன்னான், "எனக்கு ஒரே ஒருக்கா அப்புடிப் பண்ணிரணும்."

அவனிடம் ஒரு நாடகம் இருந்தது. கிணற்றுத் தண்ணீர் கெட்டுப்போன ஒரு ஊர். வெள்ளாமை செய்கிற ஒரு சம்சாரி கிணற்றை ஆழப்படுத்துகிறேன் ஆழப்படுத்துகிறேன் என்று கடன்பட்டுச் செத்துப் போகிறான். கடைசிக் காட்சியில் பெண்டாட்டி அவனைக் குளிப்பாட்டப் பானையில் தண்ணீர் கொண்டு வருகிறாள். முகர்ந்து பார்க்கிறாள். அந்தத் தண்ணீரைப் பிணத்தின் மேல்கூட ஊற்ற மனசு வராமல் கீழே கொட்டிவிட்டு உட்கார்ந்துவிடுகிறாள். வசனம் கிடையாது. பாட்டுக் கிடையாது. செல்வி வாயே திறக்க மாட்டாள். ஜனங்கள் அவளையே பார்த்துக்கொண்டிருக்க வேண்டும், விளக்கு மெள்ள அணைய வேண்டும். நாடகமே அந்தக் காட்சிதான். அது இதுவரை ஒரு தடவைகூட முழுசாக நடந்ததில்லை. செல்வி உட்கார்ந்த மறுநிமிஷம் எவனாவது உருகிப்போய் நோட்டோடு மேடையேறிவிடுவான். மைக் கரகரக்கும். பிணம் எழுந்து கும்பிடும். சனம் கைதட்டும். அவ்வளவுதான், போச்சு.

கையேந்துகிற இடத்தை மாற்றிப் பார்க்கலாம் என்று அருள் அரசாங்கத்திடம் போனான். கலைக்குக் கொடுப்பதற்கென்று அங்கேயும் பணம் உண்டு. திண்டுக்கல்லில் ஒரு ஆபீஸில் ஒரு அதிகாரி கதையை முழுக்கக் கேட்டிருக்கிறார். கேட்டுவிட்டு, "கதை நல்லாத்தான் இருக்கு தம்பி. கொசு எங்க வருது?" என்றாராம்.

"கொசு இல்ல சார், கெணறு."

"கெணத்துலதானப்பா கொசு முட்டையிடும்? அங்கன கொண்டாந்துரு. டெங்குக்குத்தான் இப்ப பணம் வந்திருக்கு. அப்புறம், தண்ணி கெட்டுப்போச்சுன்னு அரசாங்க மேடையில நின்னு சொல்ல முடியாது, பாத்துக்க."

இதைச் சொல்லிவிட்டு அருள், "நல்ல மனுசன்தான்க்கா, டீ வாங்கிக் குடுத்தாரு" என்றான். அவனை என்ன செய்வது! கடைசியில் பஸ் ஸ்டாண்டுக்கு முன்னால் டெங்கு விழிப்புணர்வு நாடகம் போட்டார்கள். எல்லாருக்கும் மஞ்சள் பனியன். செல்வி கொசு. இரண்டு பக்கமும் பிளாஸ்டிக் இறக்கை கட்டிக்கொண்டு, மூக்கில் ஒரு உறிஞ்சுகுழாயை ஒட்டிக்கொண்டு ங்ஙொய் என்று சுற்றிச் சுற்றி வருகிறாள். அந்த வீடியோவைப் பார்த்துவிட்டு நான் அழுதேன். அதுவும் பாதியில் நின்றது. யாரோ பெரிய அதிகாரி காரில் வந்து இறங்கினார். கொசு நின்றது. பொன்னாடை போர்த்தினார்கள், அவர் கொசுவைப் பற்றிப் பேசினார், கொசு கைகட்டிக் கேட்டுக்கொண்டிருந்தது. அவர் போன பிறகு மறுபடி பறந்தது. ஆட்டு வியாபாரியாவது சொந்தக் காசைக் குத்துகிறான். இவர்கள் ஊர்க்காசைக் கொடுத்துவிட்டுத் தங்களுக்குப் பொன்னாடை போர்த்திக்கொள்கிறார்கள்.

உடனே, "வெள்ளைக்காரன் வெள்ளைக்காரன்தான்" என்று ஆரம்பித்துவிடாதீர்கள். அவன் கதையையும் கேளுங்கள். ஊருக்கு வருமானம் குறைந்துவிட்டது, ஸ்டாட்தியேட்டருக்குக் கொடுப்பதை நிறுத்தலாமா என்று ராட்ஹவுஸில், அதாவது நகரசபைக் கட்டடத்தில், பொதுக்கூட்டம் போட்டார்கள். தியேட்டர் நிர்வாகி, கழுத்தில் பெரிய சிவப்புத் துணி சுற்றிய ஒரு அம்மாள், ஃப்ராவ் மைண்ட்ஸோடு வருகிறவள் என்று என்னைப் பிடித்துக்கொண்டார். வெளிநாட்டிலிருந்து வந்தவர்களும் எங்கள் பக்கம் என்று காட்ட வேண்டுமாம். சேலை கட்டி வர முடியுமா என்று கேட்டார். எனக்கு எப்படி இருந்திருக்கும்? வேண்டுமென்றே ஜீன்ஸ் போட்டுக்கொண்டு போனேன்.

அங்கே ஒரு தகப்பன் எழுந்து, "என் பிள்ளை படிக்கிற இடத்தில் கூரை ஒழுகுகிறது, முதலில் அதை அடையுங்கள்" என்றார். அவர் மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அவருக்குப் பதில் சொல்லாமல், கலை மனிதனை உயர்த்தும், கலை இல்லாத ஊர் காட்டுமிராண்டி ஊர் என்று சிவப்புத் துணிக்காரம்மாள் வகுப்பெடுத்தாரே, அவர் மேல்தான் வந்தது. கூரை ஒழுகுகிறது என்கிறவனைக் காட்டுமிராண்டி என்றால் அவன் ஏன் கொடுப்பான்? என் முறை வந்தது. என் ஓட்டை ஜெர்மனில் எங்கள் ஊர் மேடையைச் சொன்னேன். ஊக்கு, நோட்டு, மைக், செத்தவன் எழுந்து கும்பிடுவது, எல்லாம். சபை குலுங்கக் குலுங்கச் சிரித்தது. கொடுக்கிறவன் பெயர் தெரிந்தால் செத்தவனுக்குக்கூட நிம்மதி இல்லை, அதனால்தான் எல்லாரும் சேர்ந்து பெயரில்லாமல் கொடுக்க வேண்டும் என்று முடிக்க வாயெடுத்தேன். எனக்குக் கொடுத்த நேரம் முடிந்துவிட்டது. மைக்கை அணைத்துவிட்டார்கள்.

பணத்தை நிறுத்தச் சொல்கிற கட்சியின் வழுக்கைத் தலை உறுப்பினர் ஒருவர் எழுந்தார். என்னைப் பார்த்துத் தலை குனிந்து வணங்கினார். "அற்புதம்! இந்தப் பெண்மணி சொன்னதைத்தான் நானும் சொல்கிறேன். இந்தியாவில் மக்களே கலைஞனைக் காப்பாற்றுகிறார்கள், நேராக, கையிலிருந்து கைக்கு. பிடித்தவர் கொடுக்கட்டும். நாம் அவர்களிடம் கற்றுக்கொள்ள வேண்டும்."

"நைன், நைன்!" என்று கத்தினேன். இல்லை, இல்லை என்று அர்த்தம். கைதட்டலில் யாருக்கும் கேட்கவில்லை. மறுநாள் உள்ளூர்ப் பேப்பரில் ஜீன்ஸோடு என் போட்டோ வந்தது, எங்கள் ஊரில் கலையை மக்களே வளர்க்கிறார்கள் என்ற வாசகத்தோடு. சிவப்புத் துணிக்காரம்மாள் அதற்குப் பிறகு என்னைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பணத்தில் பாதியை வெட்டினார்கள். இப்போது ஸ்டாட்தியேட்டர் மேடைத் திரையில் ஒரு கார் கடையின் பெயரைப் போட்டிருக்கிறார்கள். கிழவர் மகனை நினைத்து அழும்போது அவர் தலைக்கு மேலே அந்தப் பெயர் தெரிகிறது. "கண்ணை மூடிக்கொண்டு பார்க்கிறேன்" என்கிறார் ஃப்ராவ் மைண்ட்ஸ்.

அந்த வயிற்றெரிச்சலில்தான் அருளுக்குப் போன் செய்தேன். "ஏலே, அரசாங்கமும் வேணாம், ஆட்டு யாவாரியும் வேணாம். திருவிழாவுல உன் கெணத்து நாடகத்தப் போடு. முழுச் செலவும் என்னுது. ஒரு நோட்டு மேடையேறக் கூடாது, ஒரு பேரு மைக்குல வரக்கூடாது. என் பேரும் வரக்கூடாது."

"நெசமாவா யக்கா?" என்றான்.

பெரியப்பாவையும் வீடியோவில் கூப்பிட்டுச் சொன்னேன். வெள்ளைச் சட்டையோடு திரை முழுக்க மூக்காகத் தெரிந்தார். "ஆத்தா ஜெசி, நீ சொன்னாச் சரிதாண்டா. உன் பேர நான் வாயத் தெறந்து சொல்லவே மாட்டேன்" என்றார். நான் நம்பினேன். ஜெர்மனியில் வேண்டாம் என்றால் வேண்டாம்தான். காப்பி வேண்டாம் என்று ஒரு தடவை சொன்னால் மறு தடவை கேட்க மாட்டார்கள். அப்படியே பழகிப்போயிருந்தேன்.

லீவு போட்டு ஊருக்கு வந்தேன். நாடகத்தன்று சாயங்காலமே கூட்டம் சேர்ந்துவிட்டது. சிறுமலைப் பக்கமிருந்து காற்று நன்றாக வந்தது. மைதானத்து ஓரத்தில் பஜ்ஜிக் கடை, பலூன்காரன். மேடையில் அருள் முதலிலேயே வந்து, இன்றைக்கு யாரும் அன்பளிப்புக் குத்த வேண்டாம் என்று கும்பிட்டுக் கேட்டுக்கொண்டான். எனக்குப் பின்னால் ஒருவர், "என்னப்பா, வாங்க மாட்டேங்கிறான்? காசு அம்புட்டு இருக்கா?" என்றார். இன்னொருவர், "அவுக அக்கா வெளிநாடுல்ல" என்றார். திரும்பி முறைத்தேன். சிரித்தார்கள்.

நாடகம் நிற்கவில்லை. ஒரு காட்சி, இரண்டு காட்சி, நிற்கவே இல்லை. முதலில் சனம் நெளிந்தது. எங்கே கைதட்டுவது, எப்போது எழுந்து போய் டீ குடிப்பது என்றே அவர்களுக்குத் தெரியவில்லை. பிறகு எப்போது அடங்கினார்கள் என்று தெரியவில்லை, அடங்கிவிட்டார்கள். அருள் செத்தான். வெள்ளைத் துணியைப் போர்த்தினார்கள். செல்வி பானையோடு வந்தாள். முகர்ந்தாள். அப்புறம் பானையைக் கவிழ்த்து அப்படியே தரையில் கொட்டினாள், பலகையில் தண்ணீர் ஓடி மேடை விளிம்பில் சொட்டியது. உட்கார்ந்தாள்.

ஒரு சத்தம் இல்லை. பஜ்ஜிக் கடைக்காரர் கரண்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். என் பக்கத்தில் இருந்த பொம்பளை சேலைத் தலைப்பை வாயில் வைத்து அடைத்துக்கொண்டாள். இருமக்கூட இல்லை ஒருத்தர், எங்கள் ஊரில்! என் தம்பி சாதித்துவிட்டான். செத்த நேரம், இன்னும் செத்த நேரம், விளக்கு அணைந்துவிட்டால் போதும். சாமி, விளக்கை அணைத்துவிடு என்று வேண்டினேன்.

மைக் கரகரத்தது.

"அன்பார்ந்த பொதுமக்களே..." பெரியப்பா அழுதுகொண்டிருந்தார். நிஜமாகவே அழுகிறார், குரல் உடைகிறது. "இப்பேர்ப்பட்ட நாடகத்த நமக்குக் குடுத்தது யாரு? பேரே வேண்டாம்னு சொன்ன புண்ணியவதி. கடல் கடந்து ஜெர்மனி நாட்டுல நர்சாப் பணிபுரியும், மறைந்த அந்தோணி அவர்களின் மூத்த மகள், நமது ஜெசிந்தா அவர்கள்! ஜெசிந்தா அவர்கள்! மேடைக்கு வரவும்!"

விசில் பறந்தது. பின்னாலிருந்து நாலைந்து கைகள் என்னைத் தூக்கி நிறுத்தின. "போத்தா, போத்தா" என்று தள்ளினார்கள். நான் மாட்டேன் என்றேன். அதற்கும் கைதட்டினார்கள். எப்படி மேடைக்கு வந்தேன் என்று தெரியாது, தோளில் ஒரு சரிகைத் துண்டு விழுந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு, "பெரியப்பா, சொல்லக்கூடாதுன்னு சொன்னேன்ல?" என்றேன்.

அவர் மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு, ஆச்சரியமாக என்னைப் பார்த்தார். "வேண்டாம்னு சொன்னவுக பேரச் சொல்லாம விட்டா, ஊருல என்னய என்னத்தா நெனப்பாக?"

கண்ணெல்லாம் ஈரமாக நிற்கிற மனிதரை என்ன சொல்லித் திட்டுவது? அதற்குள் காலடியில் வெள்ளைத் துணி அசைந்தது. அருள் எழுந்துவிட்டான். நெற்றியில் திருநீற்றுப் பூச்சு, மூக்கில் பஞ்சு. மேடை நுனிக்கு வந்து, சனத்தைப் பார்க்காமல் என்னைப் பார்த்துக் கைகூப்பினான். நான் தூக்கி வளர்த்த தம்பி.

"ஏலே, படுடா. போய்ப் படு" என்றேன்.

"கும்புடாமப் படுக்க முடியாதுக்கா" என்றான் மெல்ல.

கும்பிட்டுவிட்டுத் திரும்பிப் போய்ப் படுத்தான். துணியை அவனே இழுத்து மூடிக்கொண்டான். பஜ்ஜிச் சட்டி மறுபடி பொரிந்தது, மைதானம் முழுக்கப் பேச்சு. செல்வி மட்டும் எழவில்லை. கொட்டிய தண்ணீரில் உட்கார்ந்தபடி, நான் எப்போது இறங்குவேன் என்று என் காலையே பார்த்துக்கொண்டிருந்தாள். வலது பக்கப் படியில் இன்னொரு துண்டோடு பெரியப்பா நின்றார், இடது பக்கப் படியில் என்னோடு செல்பி எடுக்க ஆட்கள் நின்றார்கள். நான் நின்ற இடத்திலேயே நின்றேன். விளக்கு எங்கள் மூன்று பேர் மேலும் அணையாமல் எரிந்துகொண்டிருந்தது.